தீ மூட்டினால் வீணை மெழுகு இளகும்: மந்திர இசைப்பள்ளி எழுதும் வாசகிக்கு

கேள்வி: கற்பனை உலகில் நடக்கும் நாவல் ஒன்றை எழுதி வருகிறேன். மலைமேல் 'ஏழிசைக் கோட்டம்' என்று ஒரு பள்ளி. பாட்டால் தீ, மழை, காற்றை வரவழைக்கக் கற்றுக்கொடுக்கிறார்கள். நாயகி அமுதினி, வயது 12. எட்டு அத்தியாயம் முடிந்தது. படித்த தோழி, "பாடுறாங்க, மந்திரம் நடக்குது, திரும்பப் பாடுறாங்க. வேற என்ன இருக்கு?" என்று கேட்டுவிட்டாள். எனக்குச் சங்கீதம் தெரியாது, கேட்பதோடு சரி. கர்நாடக இசையின் தாய் ராகங்களான 72 மேளகர்த்தாவுக்கு 72 மந்திரம் என்று வகுத்துக்கொண்டால் சரியாகுமா? பள்ளியை நம்பும்படி எழுத என்ன செய்ய வேண்டும்? (ஈரோட்டிலிருந்து ஒரு வாசகி)

பதில்:

நீங்கள் அனுப்பிய எட்டு அத்தியாயங்களையும் படித்தேன். தோழி சொன்னதில் தவறில்லை. அமுதினி பாடும் கிட்டத்தட்ட ஒவ்வொரு முறையும் மந்திரம் பலிக்கிறது. பலிக்காத இரண்டு இடங்களிலும் 'மனம் ஒன்றவில்லை' என்று காரணம் சொல்கிறீர்கள். மனம் ஒன்றாமல் போவது எந்தப் பள்ளியிலும் நடக்கும். இசைப்பள்ளியில் மட்டும் நடக்கக்கூடிய தவறுகள் வேறு: சுருதி விலகும், தந்தி இறங்கும், தோல் தளரும், மூன்றாம் காலத்தில் (நான்கு மடங்கு வேகத்தில்) நாக்கு தடுக்கும், பையன்களுக்குக் குரல் உடையும். மந்திரம் இந்த இடங்களில்தான் தவற வேண்டும். இதைச் செய்துவிட்டால் பாதிக் கதை தானாக வந்துவிடும்.

முதலில் 72-ஐ விட்டுவிடுங்கள். எந்த வாசகரும் 72 மந்திரங்களை நினைவில் வைத்துக்கொள்ள மாட்டார். 40-ஐத் தாண்டும்போது உங்களுக்கே அலுத்துவிடும். மேளகர்த்தா ஒரு பெயர்ப்பட்டியல் என்று நினைத்துக் கேட்டிருக்கிறீர்கள். அதன் அழகு அதன் கட்டுமானத்தில் இருக்கிறது. முதல் 36-இல் சுத்த மத்யமம் (தாழ்ந்த 'ம'), பின் 36-இல் பிரதி மத்யமம் (அரைச்சுரம் உயர்ந்த 'ம'). ஒரே ஒரு சுரத்தை மாற்றினால் 29-ஆவதான சங்கராபரணம் 65-ஆவதான கல்யாணியாகிவிடும். கதைக்கு அந்த ஒரு சுர மாற்றம் மட்டும் போதும். இன்னொன்று: உங்கள் உலகத்தில் சென்னையும் சபாவும் இல்லை. 'கல்யாணி' என்று எழுதிய நிமிடமே வாசகர் மலையை விட்டு இறங்கி டிசம்பர் கச்சேரிக்குப் போய்விடுவார்.

பள்ளிக்கு ஏழிசைக் கோட்டம் என்று பெயர் வைத்தவர் நீங்கள்தான். ஏழையே எடுத்துக்கொள்ளுங்கள். பழந்தமிழில் சுரங்களின் பெயர்கள் குரல், துத்தம், கைக்கிளை, உழை, இளி, விளரி, தாரம். ச, ரி, க, ம, ப, த, நி என்று நாம் சொல்லும் அதே வரிசை. இந்த ஏழிலிருந்து ஏழு பாலைகள், அதாவது ஏழு சுர வரிசைகள் பிறக்கும். முறை எளிது: செம்பாலையில் தொடங்குங்கள், பரவலாகச் சொல்லப்படும் கணக்குப்படி அது இன்றைய ஹரிகாம்போஜி. தந்திகளைத் தொடாமல் துத்தத்தைக் குரலாக வைத்து வாசித்தால் படுமலைப்பாலை. கைக்கிளையைக் குரலாக வைத்தால் செவ்வழிப்பாலை. இப்படியே உழைக்கு அரும்பாலை, இளிக்குக் கோடிப்பாலை, விளரிக்கு விளரிப்பாலை, தாரத்துக்கு மேற்செம்பாலை. இன்றைய பெயர்களில் நடபைரவி, சங்கராபரணம், கரஹரப்ரியா, தோடி, கல்யாணி எல்லாம் இந்த வரிசைக்குள் வந்துவிடும்.

ஆறுக்குத்தான் இன்றைய பெயர் கிடைக்கும். மூன்றாவதான செவ்வழிப்பாலைக்குக் கிடைக்காது. கைக்கிளையைக் குரலாக வைத்து எண்ணிப் பாருங்கள். இளி இருக்க வேண்டிய இடத்தில் இளி இல்லை. அரைச்சுரம் குறைந்து நிற்கும். மேளகர்த்தாவில் பஞ்சமம் (ப, அதாவது இளி) இல்லாமல் மேளமே கிடையாது என்பதால் அங்கே இதற்கு இடமில்லை. தம்பூராவைக் குரல்–இளி என்று சேர்த்து வைத்துப் பாடினால் பாட்டும் சுருதியும் ஒன்றையொன்று கடித்துக்கொள்ளும். ஆறு பாலைக்கு வகுப்பு இருக்கிறது, ஏழாவது அறை பூட்டியிருக்கிறது என்று உங்கள் இரண்டாம் அத்தியாயத்தில் வருகிறது. ஏன் பூட்டினார்கள் என்று நீங்கள் சொல்லவில்லை. இதோ காரணம்: அந்தப் பாலைக்குச் சேர்த்துக்கொள்ள இளி கிடையாது. துணைச் சுருதி இல்லாமல் தனியாகப் பாட வேண்டும், அல்லது தம்பூராவை உழைக்கு மாற்றிக் கட்ட வேண்டும். செவ்வழி என்ற பெயரில் ஒரு பண் நெய்தலுக்கு உரியது, மாலை நேரத்துக்கும் இரங்கலுக்கும் உரியது என்பதையும் சேர்த்துக்கொண்டால் அந்த அறைக்குள் என்ன சொல்லிக்கொடுத்தார்கள் என்று நான் எழுதித் தர வேண்டியதில்லை.

இதிலிருந்தே ஒரு சதியும் கிடைக்கும். புல்லாங்குழல் வாசிப்பவனின் விரல் ஒன்றுகூட மாறவில்லை. பின்னால் தம்பூராவை மட்டும் யாரோ மாற்றிக் கட்டிவிட்டார்கள். அவன் வாசிப்பது அதே துளைகள்தான், கேட்பவர் காதில் விழுவது வேறு பாலை. காதுள்ளவனுக்கு முதல் நொடியிலேயே தெரிந்துவிடும். விரலை மட்டும் மனப்பாடம் செய்த மாணவன் கடைசிவரை வாசித்து முடிப்பான். யார் எந்த ரகம் என்பதைப் பத்துப் பக்கம் விவரிக்காமல் இந்த ஒரு காட்சியில் காட்டிவிடலாம்.

இனி மந்திரத்தின் விலை. தீ வரவழைத்ததும் அமுதினிக்குத் 'தலை சுற்றியது, உடல் சோர்ந்தது' என்று எழுதியிருக்கிறீர்கள். எல்லாக் கற்பனைக் கதையிலும் தலை சுற்றுகிறது. வாத்தியங்களைக் கேளுங்கள், வேறு விலை சொல்லும்.

வீணையில் தந்தியை அழுத்தி வாசிக்க 24 மெட்டுகள் (குறுக்குப் பட்டைகள்). அவை மரத்தில் ஆணியடித்து நிற்கவில்லை. தேன்மெழுகில் கரி சேர்த்துக் குழைத்த கறுப்பு மெழுகின்மேல் உட்கார்ந்திருக்கின்றன. தேன்மெழுகு 62 முதல் 64 டிகிரி வெப்பத்தில் உருகும்; அதற்கு வெகு முன்பே இளகிவிடும். இளகினால் மெட்டு ஒரு மயிரிழை நகரும். அந்த ஒரு மயிரிழையில் சுரம் போய்விடும். திரும்ப மேளம் கட்ட (மெட்டுகளை மெழுகில் பதிக்க) தெரிந்தவர் வந்து உட்கார்ந்து ஒவ்வொரு மெட்டாகக் காதால் நிறுத்த வேண்டும். ஆக, வீணை வாசித்துத் தீ மூட்டுபவர் எவ்வளவு நன்றாக வாசிக்கிறாரோ அவ்வளவு சீக்கிரம் வீணை கெடும். தீ பெரிதாகப் பெரிதாகச் சுருதி விலகும், சுருதி விலகியதும் தீ அணையும். மந்திரத்துக்கு எல்லை போட நீங்கள் தனியாக விதி எழுத வேண்டியதே இல்லை.

குழல் இதற்கு நேர்மாறு. காற்று சூடானால் அதில் ஒலி வேகமாகப் போகும். குழலின் சுருதி ஏறும். கணக்குப்படி 25 டிகிரியிலிருந்து 35 டிகிரிக்குப் போனால் அரைச்சுரத்தில் மூன்றில் ஒரு பங்குக்குச் சற்றுக் குறைவான ஏற்றம். அதே சூட்டில் உலோகத் தந்தி நீளும், இறுக்கம் குறைந்து சுருதி இறங்கும். தீ மண்டபத்தில் குழலும் யாழும் சேர்ந்து தொடங்கினால் ஒன்று மேலே, ஒன்று கீழே. ஐந்தாம் அத்தியாயத்தில் இருபது பேர் சேர்ந்து பெருந்தீ வளர்க்கிறார்கள் அல்லவா? பத்தாவது நிமிடத்தில் அவர்களுக்குள் சுருதி கிழிந்திருக்கும். அதைச் சமாளிக்க ஒரே வழி, குழல்காரர்கள் வாயருகே குழலைச் சற்று உள்பக்கம் திருப்பிச் சுருதியை இறக்கிக்கொண்டே வாசிப்பது. முதலாண்டு மாணவனுக்கு அது வராது.

மழைக்கு மிருதங்கம். ஈரக்காற்றில் தோல் தளரும், வலந்தலையின் (வலப்பக்க முகத்தின்) சுருதி இறங்கும். கல்லையும் கட்டையையும் வைத்து ஓரப் பின்னலைத் தட்டித் தட்டி ஏற்ற வேண்டும். தட்டி முடிப்பதற்குள் இன்னும் தளரும். இடந்தலையில் (இடப்பக்க முகத்தில்) ரவையைக் குழைத்து அப்புவார்கள், அடிநாதத்துக்காக. அது காய்ந்தால் நாதம் மாறும். மழைப்பாட்டில் அது காயவே காயாது. நாகசுரத்தில் கொறுக்கைத் தட்டையில் செய்த, வாயில் வைத்து ஊதும் சீவாளி காய்ந்திருந்தால் ஊதினால் காற்றுதான் வரும். வாயில் வைத்து ஈரப்படுத்திய பிறகே பேசும், அதனால் வாசிப்பவர்கள் மாற்றுச் சீவாளிகளை வாத்தியத்திலேயே கோத்துத் தொங்கவிட்டிருப்பார்கள். வறட்சியை வரவழைக்கும் எதிரி நாகசுரக்காரனை எப்படி வாயடைக்கிறான் என்பதற்கு இதைவிட நல்ல காட்சி வேண்டுமா?

'பன்னிருவர் வட்டம்' என்ற சடங்கு நன்றாக இருக்கிறது, ஆனால் சுலபமாக முடிந்துவிடுகிறது. பன்னிரண்டு பேரும் ஆளுக்கொரு யாழோடு நிற்கட்டும். முதல்வரின் குரலுக்கு இரண்டாமவர் சுத்தமான இளியாகத் தன் தந்தியைச் சேர்க்கட்டும். அதைக் குரலாகக் கொண்டு மூன்றாமவர் இளி சேர்க்கட்டும். ரொம்ப மேலே போனால் ஒரு ஸ்தாயி (ஏழு சுர அளவு) இறக்கிக்கொள்ளலாம். பன்னிரண்டாமவரின் தந்தியைக் குரலாகக் கொண்டு முதல்வரே தன் இன்னொரு தந்தியில் சேர்க்கும் பன்னிரண்டாவது இளி, அவருடைய முதல் குரலிலேயே வந்து மூட வேண்டும் என்று தோன்றும். மூடாது. அரைச்சுரத்தின் கால் பங்குக்குச் சற்றுக் குறைவான அளவு மேலே போய் நிற்கும். யாரும் தவறு செய்யவில்லை. ஒவ்வொருவரும் அப்பழுக்கில்லாமல் சேர்த்ததால்தான் அந்த மிச்சம். முதல்வரின் தந்தி வினாடிக்கு 240 அதிர்வு என்றால், இரண்டையும் சேர்த்து மீட்டும்போது வினாடிக்கு மூன்று முறை 'வ்வ் வ்வ் வ்வ்' என்று அலையடிக்கும். வட்டத்தை மூட யாராவது ஒருவர் தன் இளியைத் தெரிந்தே கெடுத்துக்கொள்ள வேண்டும். யார் என்பது உங்கள் கதை.

பள்ளிக்கூடத்தின் அன்றாடத்துக்கு வருவோம். உங்கள் மாணவர்கள் முதல் வாரத்திலேயே மந்திரம் கற்கிறார்கள். நம் ஊரில் சரளி வரிசை, ஜண்டை வரிசை, தாட்டு வரிசை, அலங்காரம் என்ற பயிற்சிப் பாடங்களை முடிக்கவே சாதாரணமாக ஒரு வருடம் போய்விடும். அதற்குப் பிறகுதான் கீதம். அந்தச் சலிப்பு உங்கள் பள்ளியிலும் இருக்க வேண்டும், அதிலேயே மந்திரம் கசிய வேண்டும். ஜண்டை வரிசையில் ஒவ்வொரு சுரமும் இரண்டிரண்டாக வரும். இரண்டாவதை அழுத்தாவிட்டால் இரண்டும் ஒட்டி ஒரே நீண்ட சுரமாகிவிடும். இரட்டைப் பூட்டுத் திறக்கும் பாடம் அது என்று வையுங்கள்: அழுத்தாதவன் கதவு பாதி திறந்து நிற்கும். காலமும் அப்படித்தான். எட்டு எண்ணிக்கைத் தாளத்தில் முதல் காலத்துக்கு 8 சுரம், இரண்டாம் காலத்துக்கு 16, மூன்றாம் காலத்துக்கு 32. எண்ணிக்கைக்கு ஒரு வினாடி வைத்தால் மூன்றாம் காலத்தில் வினாடிக்கு நான்கு சுரம். ஆர்வக்கோளாறில் முதல் காலத்தையே வேகமாக எடுப்பவன் மூன்றாவதில் சிக்கிக்கொள்வான், தாளத்தை நிறுத்தவும் முடியாது. ஏன் தவறுகிறது என்று வாசகருக்கு முன்கூட்டியே தெரிந்திருக்கும். அவன் மூச்சு வாங்குவதைப் பார்த்துக்கொண்டிருப்பார்.

குரல் உடைவதை ஏன் விட்டீர்கள்? மாணவர்கள் 11 முதல் 16 வயதுக்காரர்கள். ஐந்து கட்டையில் (கட்டை என்பது பாடும் சுருதியின் அளவு) பாடிக்கொண்டிருந்த பையன் ஒன்று, ஒன்றரைக் கட்டையில் வந்து நிற்பான். இடையில் சில மாதம் எந்தக் கட்டையும் அவன் பேச்சைக் கேட்காது. பாதிச் சுரத்தில் குரல் தாவும். பெண் குரலும் மாறும், இவ்வளவு இறங்காது. பாட்டுதான் சக்தி என்ற பள்ளியில் பதின்மூன்று வயதுப் பையன் ஒருநாள் காலையில் எல்லாவற்றையும் இழந்து எழுகிறான். அவனை என்ன செய்வார்கள்? தாள வகுப்புக்கு மாற்றுவார்களா, ஊருக்கு அனுப்புவார்களா, பேசாமல் இரு என்பார்களா? அமுதினியின் தோழனாக வரும் பையனுக்கு இப்போது வேலையே இல்லை; இதைக் கொடுங்கள்.

கட்டடத்துக்கு அதிகம் கவலைப்படாதீர்கள். கல் மண்டபத்தில் ஒலி நின்று நிதானமாக அடங்கும். மெதுவான பாட்டுக்குச் சரி, மூன்றாம் காலம் அங்கே குழம்பிக் கூழாகும். வேக வகுப்பை ஓலைக் கொட்டகைக்கு மாற்றுங்கள். நாற்பது பேர் நாற்பது சுருதியில் சாதகம் செய்தால் யாருக்கும் எதுவும் கேட்காது, ஆகவே அறைகள் தள்ளித் தள்ளி இருக்க வேண்டும். அரங்கேற்ற மேடைக்கு மட்டும் ஒரு நல்ல மாதிரி இருக்கிறது: சிலப்பதிகாரத்து அரங்கேற்றுகாதை. 24 விரல் கொண்டது ஒரு கோல். மேடை எட்டுக் கோல் நீளம், ஏழு கோல் அகலம், ஒரு கோல் உயரம். விரல் 2 செ.மீ. என்று கொண்டால் சுமார் 4 மீட்டருக்கு மூன்றரை மீட்டர், அவ்வளவுதான். உங்கள் கதையில் இருநூறு பேர் நிற்கும் மேடையைவிட இந்தச் சின்ன மேடையில் தவறு பளிச்சென்று தெரியும். தூணின் நிழல் ஆடுபவர்மேல் விழாதபடி விளக்கை நிறுத்த வேண்டும், மூன்று வகைத் திரை வேண்டும் என்றெல்லாம் அங்கே குறிப்பு இருக்கிறது. மாதவி ஐந்து வயதில் தொடங்கி ஏழாண்டு பயின்று பன்னிரண்டில் மேடையேறுகிறாள். அமுதினிக்கும் பன்னிரண்டு, ஆனால் அவள் இப்போதுதான் பள்ளியில் சேர்கிறாள். ஏழு வருடம் பின்தங்கியவள் என்ற உறுத்தலை அவளுக்குக் கொடுத்துப் பாருங்கள்.

மந்திரங்களைப் பற்றியும் ஒரு வார்த்தை. தீபம் ஏற்றும் பாட்டும் மழை வருவிக்கும் பாட்டும் கேட்டுக் கேட்டுத் தேய்ந்தவை. சங்க இலக்கியத்தில் இசை செய்யும் வேலைகள் இவற்றைவிடச் சுவையானவை. அகநானூறு 102-இல் தினைப்புனத்தில் ஒரு மலைநாட்டுப் பெண் குறிஞ்சிப் பண் பாடுகிறாள். தினை தின்ன வந்த யானை கதிரையும் தொடாமல், நின்ற இடத்தையும் விட்டு அகலாமல் அப்படியே தூங்கிவிடுகிறது. பொருநராற்றுப்படையில் பாலைப்பண் கேட்ட வழிப்பறிக் கள்வர் ஆயுதத்தைக் கீழே போடுகிறார்கள். புறநானூறு 281-இல் போரில் புண்பட்டவனைக் காக்க வீட்டில் வேம்பு செருகி, வெண்கடுகு தூவி, ஆம்பல் குழல் ஊதி, மணி அடித்து, காஞ்சிப் பண் பாடுகிறார்கள். அசுணம் என்றொரு உயிர். இன்னிசைக்கு மயங்கி வரும், அதைப் பிடிப்பவன் கையாலேயே சாகும். அந்தக் கை இன்பமும் துன்பமும் தரும் என்கிறது நற்றிணை 304. இவை எதிலும் விண்ணிலிருந்து தீப்பந்து விழவில்லை, கேட்கும் உயிர் மாறுகிறது. உங்கள் மூன்றாமாண்டுப் பாடத்திட்டமே இதில் இருக்கிறது. அசுணம் பிடிக்கும் வகுப்பை எந்த ஆசிரியர் எடுப்பார் என்று மட்டும் யோசித்து வையுங்கள்.

கடைசியாக வாக்கியங்கள். உங்கள் முதல் அத்தியாயத்தில் இருப்பது:

"அமுதினி கண்களை மூடிப் பாடத் தொடங்கினாள். தேன் போன்ற இசை மண்டபம் முழுவதும் பரவியது. எல்லோரும் மெய்ம்மறந்தனர். அகல்விளக்குகள் தாமாகவே எரிந்தன."

தேனை எடுத்துவிட்டு, கையையும் விளக்கையும் மட்டும் பார்த்து எழுதினால் இப்படி வரும்:

"நான்காவது தந்தி மட்டும் மூடிக் கிடந்தது. அமுதினி தம்பூராக் குதிரைமேல் இருந்த நூலை நகத்தால் ஒரு மயிரிழை முன்னே தள்ளினாள். தந்தி ரீங்கரித்துத் திறந்தது. குரலைப் பிடித்தாள். துத்தத்தில் முதல் விளக்கு பற்றியது. கைக்கிளையில் அடுத்த திரி புகைந்ததோடு சரி. ஆசான் ஒன்றும் சொல்லவில்லை. புகையும் திரியையே பார்த்துக்கொண்டிருந்தார்."

அந்த நூல் கற்பனை இல்லை. தந்திக்கும் அதைத் தாங்கும் கட்டையான குதிரைக்கும் இடையில் வைக்கும் பருத்தி நூல், அதை ஜீவா என்பார்கள். சரியான இடத்தில் இருந்தால் தந்தி கார்வையோடு ரீங்கரிக்கும். கொஞ்சம் தள்ளினால் சத்தம் மொட்டையாகிவிடும். பாட்டு வகுப்பு நடக்கும் ஒரு வீட்டில் அனுமதி கேட்டு நாலைந்து நாள் உட்காருங்கள். பாட்டைக் கவனிக்க வேண்டாம். பாட்டுக்கு முன்னால் பதினைந்து நிமிடம் சுருதி சேர்க்கிறார்களே, அதைப் பாருங்கள். தந்தியை முறுக்கும் பிருடையை எந்தக் கையால் திருகுகிறார்கள், எப்போது தலையாட்டுகிறார்கள், நூலை எப்போது தொடுகிறார்கள் என்று எழுதிக்கொள்ளுங்கள். இன்று பல வகுப்புகளில் மின்சாரச் சுருதிப்பெட்டிதான் ஓடும், ஆகவே தம்பூரா வைத்திருக்கும் வீடாகப் பார்த்துப் போங்கள்.

எட்டாம் அத்தியாயத்தில் அமுதினியின் பாட்டு சபை நடுவே தவறுவதற்கு இப்போது உருப்படியான காரணம் இல்லை. யாராவது அந்த நூலை எடுத்திருக்கட்டும். எடுத்தவர் யார் என்று தீர்மானித்ததும், மூன்றாம் அத்தியாயத்திலேயே அவர் சட்டைப் பையில் ஒரு துண்டு வெள்ளைப் பருத்தி நூலை வைத்துவிடுங்கள்.